அணுகுண்டா, நிலநடுக்கமா? கோடு சொல்லும் சேதி

கடலூர் தேவனாம்பட்டினத்தில் மாணவர்களுக்கு, ஆயுதங்களையும் உலகப் பாதுகாப்பையும் பற்றிய ஆவணப்படம் ஒன்றைத் திரையிட்டோம். அதில் தோன்றிய இயற்பியலாளர், நில அதிர்வுமானி வரைந்த கோட்டைச் சுட்டிக்காட்டி, "இது நிலநடுக்கமல்ல, அணுகுண்டுச் சோதனை" என்றார். உடனே காட்சி மாறிவிட்டது. முன்வரிசை மாணவி ஒருத்தி, "அவருக்கு எப்படி சார் தெரியும்?" என்று கேட்டாள். படம் விளக்கியிருக்க வேண்டிய இடமே அதுதான்.

இரண்டு புத்தகங்களை ஒன்றன்மேல் ஒன்றாக அழுத்திப் பிடித்து, மேலுள்ளதைப் பக்கவாட்டில் தள்ளிக் காட்டினேன். சற்று நேரம் அசையாமல் நின்ற புத்தகம் சட்டென்று வழுக்கியது. நிலநடுக்கத்தில் பாறைகள் இப்படித்தான் உரசி நழுவுகின்றன. அதனால் சில திசைகளில் தரை முதலில் தள்ளப்படுகிறது, வேறு சில திசைகளில் இழுக்கப்படுகிறது. பாறையைக் குறுக்காக ஆட்டும் இரண்டாம் நிலை அலைகளும் வலுவாக எழுகின்றன. குண்டோ, ஊதப்படும் பலூனைப் போல எல்லாப் பக்கமும் வெளிநோக்கியே தள்ளுவதால், முதலில் வந்து சேரும் முதன்மை அலைகள் ஓங்கியும், அவற்றைத் தொடரும் இரண்டாம் நிலை அலைகள் அடங்கியும் பதிவாகின்றன.

ஆனால் கோடு வெடிப்பு என்று மட்டுமே சொல்லும். அது அணுவெடிப்பா என்று சொல்லாது. அதற்குச் செனான் வாயு வேண்டும். அணுக்கரு பிளவுபடும்போது உண்டாகும் இந்த மந்த வாயு எதனுடனும் எளிதில் வினைபுரியாததால், பாறை இடுக்குகள் வழியே கசிந்து காற்றில் கலக்கிறது. அதன் கதிரியக்க வகைகளுள் ஒன்றான செனான்-133 ஏறத்தாழ 5 நாள்களுக்கு ஒருமுறை பாதியாகக் குறையும். மருத்துவத்துக்கான கதிரியக்கப் பொருள்களைத் தயாரிக்கும் ஆலைகளும் செனானை வெளியிடுவதால், அதன் வகைகள் எந்த விகிதத்தில் கலந்துள்ளன என்றும் பார்க்க வேண்டும். 2013 பிப்ரவரி 12 அன்று வட கொரியா சோதனை நடத்தி ஏறக்குறைய 55 நாள்கள் கழிந்த பிறகு, ஜப்பானின் தகசாகி நிலையத்தில் சிக்கிய செனானின் விகிதம் அந்தச் சோதனை நாளோடு பொருந்தியது. அத்தனை நாள் பொறுமை அந்த ஒற்றை வாக்கியத்துக்குப் பின்னால் இருக்கக்கூடும் என்பது படம் பார்ப்பவருக்குத் தெரிய வேண்டும்.

அணுச் சோதனைத் தடை ஒப்பந்தம் 1996-இல் கையெழுத்துக்கு வந்தபின் உலகெங்கும் நிறுவப்பட்ட இந்தக் கண்காணிப்பு நிலையங்கள், 2004 டிசம்பர் 26 காலை சுமத்ரா அருகே நிலம் அதிர்ந்ததையும் பதிவு செய்தன. சுனாமி அலை எங்கள் கரையைத் தொட இரண்டு மணி நேரத்துக்கு மேல் ஆனது. அதற்குள் இங்கே யாருக்கும் எச்சரிக்கை வந்து சேரவில்லை. அதன் பிறகுதான், அணுகுண்டைத் தேடும் இந்நிலையங்களின் பதிவுகளைப் பல நாடுகளின் சுனாமி எச்சரிக்கை மையங்களுக்கு உடனுக்குடன் அனுப்பும் ஏற்பாடு வந்தது.