லாஜிக்: தருக்கமா, அளவையா, ஏரணமா?

படம் முடிந்து வெளியே வருகிறவர்களிடம் கேட்டுப் பாருங்கள். "கதை பரவாயில்ல, லாஜிக்தான் இடிக்குது" என்பார்கள். லாஜிக் ஓட்டை, லாஜிக் மீறல், "லாஜிக்லாம் பார்க்காதே, ஜாலியா பாரு" என்று இந்தச் சொல் தமிழில் நன்றாகவே வேர் விட்டுவிட்டது. இந்தப் பேச்சில் லாஜிக் என்றால் 'நம்பும்படி இருக்கிறதா' என்று பொருள். பத்துப் பேரிடம் அடி வாங்கிய கதாநாயகன் அடுத்த பாட்டில் கீறல்கூட இல்லாமல் ஆடினால் அது லாஜிக் மீறல்.

மெய்யியல், அதாவது தத்துவம், படித்தவர் இதை லாஜிக் பிழையில் சேர்க்க மாட்டார். காயம் ஆற நாளாகும் என்பது உடம்பைப் பற்றிய செய்தி. ஒரே நொடியில் கதாநாயகன் செத்தும் போனான், சாகவும் இல்லை என்று படம் சொன்னால்தான் அவர் நிமிர்ந்து உட்காருவார். அவருடைய கேள்வி ஒன்றுதான்: இவை இவை உண்மை என்று வைத்துக்கொண்டால், இதுவும் உண்மையாகியே தீர வேண்டுமா? காயம், கதாநாயகன், பாட்டு எதுவாக இருந்தாலும் சரி, வாக்கியங்களின் அமைப்பே அந்த 'தீர வேண்டும்' என்பதைக் கொண்டுவருகிறதா என்று பார்ப்பது அவர் வேலை.

சொல் கிரேக்கத்தில் பிறந்தது. 'லெகைன்' என்ற வினைக்குச் சேர்த்தல், சொல்லுதல் என்று பொருள். அதிலிருந்து 'லோகோஸ்': சொல், பேச்சு, காரணம், கணக்கு என்று பல முகம் கொண்ட பெயர். அதன் அடைமொழி வடிவம் 'லோகிகே'. அது லத்தீனில் 'லாஜிகா' ஆகி, பிரெஞ்சு வழியாக ஆங்கிலத்துக்கு வந்தது. இந்தத் துறையின் தந்தை என்று எல்லாரும் கைகாட்டும் அரிஸ்டாட்டில், தன் துறைக்கு இந்தப் பெயரை வைக்கவில்லை. அவருடைய நூல்களைப் பின்னால் வந்தவர்கள் தொகுத்து 'ஆர்கனான்', அதாவது கருவி, என்று பெயரிட்டார்கள். மெய்யியலின் மூன்று பிரிவுகளில் ஒன்றுக்கு 'லோகிகே' என்று பெயர் சூட்டி நிலைக்கச் செய்தவர்கள் ஸ்டோயிக் என்ற பழங்கிரேக்கப் பள்ளியின் சிந்தனையாளர்கள்.

தமிழில் இதற்கு மூன்று சொற்கள் புழங்குகின்றன. எங்கள் செங்கோட்டைப் பக்கம் நான்காவதாக ஒன்று மலையேறி வந்து குழப்பும். 1956 நவம்பர் 1 வரை எங்கள் ஊர் திருவிதாங்கூர்-கொச்சியில் இருந்தது. இன்றைக்கும் புளியரை தாண்டி, கேரளத்தின் ஆரியங்காவு, புனலூர் என்று படிக்கவும் பிழைக்கவும் போகிறவர்கள் உண்டு. அங்கே "அதில் ஒரு யுக்தியுமில்ல" என்று ஒருவர் சொன்னால், 'அதில் லாஜிக்கே இல்லை' என்று அர்த்தம். யுக்திவாதி என்றால் நம் பகுத்தறிவாளர். நம் ஊரிலோ யுக்தி என்பது தந்திரம். "ஏதோ யுக்தி பண்ணி லோன் வாங்கிட்டான்" என்பது பாராட்டா வசவா என்று பிரித்துச் சொல்ல முடியாது. தர்க்கமும் அப்படித்தான். மலையாளப் பத்திரிகையில் 'அதிர்த்தித் தர்க்கம்' என்று தலைப்பு வந்தால் அது எல்லைத் தகராறு. அங்கே படித்துவிட்டு வரும் பிள்ளைகள் பாடத்தைத் தர்க்கசாஸ்திரம் என்றே சொல்கிறார்கள். வீட்டில் இருக்கிற பெரியவர்களுக்கோ அது சண்டை போடக் கற்றுக்கொடுக்கும் படிப்பு மாதிரிக் கேட்கிறது.

அதில் தவறும் இல்லை. தருக்கம் வடமொழித் 'தர்க்க'த்தின் தமிழ் வடிவம். ஆய்ந்து சொல்லுதல், வாதித்தல் இரண்டும் அதற்குள் உண்டு. எதிரே ஓர் ஆள் இல்லாமல் தருக்கம் இல்லை. தமிழில் தருக்க நூலுக்கு வழி போட்டவர்களில் ஒருவர் எங்கள் மலையடிவாரத்துக்காரர்: பாபநாசத்தை ஒட்டிய விக்கிரமசிங்கபுரத்தில் பிறந்த சிவஞான முனிவர். அன்னம்பட்டர் வடமொழியில் எழுதிய தருக்க சங்கிரகம் என்ற நூலை 18ஆம் நூற்றாண்டில் தமிழாக்கியவர் அவர்.

அளவை இன்னும் பழைய சொல். வஞ்சி மாநகருக்குப் போன மணிமேகலை அங்கே முதலில் சந்திப்பது ஓர் அளவைவாதியைத்தான். காட்சி, கருதல், உவமம் என்று பத்து அளவைகளை அவன் அடுக்குகிறான். பின்னால் அவளுடைய பௌத்த ஆசான் அறவண அடிகள், புத்தன் கொண்ட அளவை இரண்டுதான் என்று வெட்டிச் சுருக்குகிறார். சைவ சித்தாந்த நூலான சிவஞான சித்தியாரும் அளவையில்தான் தொடங்குகிறது. இங்கெல்லாம் அளவை என்பது ஒன்றை அறிகிற வழி. மலையில் புகையைப் பார்த்து நெருப்பு இருக்கிறது என்று எப்படித் தெரிந்துகொண்டாய், அந்த அறிவை நம்பலாமா என்ற கேள்வி. இலங்கைப் பள்ளிகளில் உயர்தர வகுப்புப் பாடமே 'அளவையியலும் விஞ்ஞான முறையும்' என்ற பெயரில் இருக்கிறது. நல்ல பெயர்தான். ஆனால் எங்கள் தாலுகா ஆபீசில் அளவை என்றால் நில அளவை. சங்கிலி, கல், பட்டா. 'அளவை வடிவம்' என்று எழுதினால் உழக்கு, நாழியின் உருவத்தைச் சொல்கிறோமோ என்று படிப்பவர் நினைப்பார்.

மூன்றாவது ஏரணம். கடல்கோளில் போன நூல்களை நினைத்து அழும் ஒரு தனிப்பாடல் 'ஏரணம் உருவம் யோகம்' என்று தொடங்குகிறது. போனவற்றின் பட்டியலில் முதல் பெயரே ஏரணம்தான். பேச்சு வழக்கில் யாரும் தொடாத சொல் என்பதால் சண்டை, சங்கிலி, தந்திரம் எதுவும் இதன்மேல் ஒட்டியிருக்கவில்லை. முதலில் கேட்பவருக்குப் புரியாது என்பது குறைதான். ஆனால் புதிதாக உண்டான ஒன்றுக்குப் பெயர் தேடும்போது, காலியாகக் கிடக்கும் சொல் கைகொடுக்கும்.

அந்தப் புதியது என்ன? 1879இல் ஜெர்மனியின் யேனா பல்கலைக்கழகத்தில் கணிதம் கற்பித்த காட்லோப் ஃபிரேகே நூறு பக்கத்துக்கும் குறைவான ஒரு புத்தகம் போட்டார். 'கருத்தெழுத்து' என்று அதன் தலைப்பைத் தமிழில் சொல்லலாம். வாக்கியத்தை எழுவாய், பயனிலை என்று பிரிப்பது ஏரணத்துக்கு உதவாது என்று அதில் தள்ளிவைத்தார். அதற்குப் பதில் அவர் செய்ததை எங்கள் பஸ் நிறுத்தத்தில் வைத்தே காட்டலாம்.

புளியரையில் ஒரு வெளியூர்க்காரர் டீக்கடையில் கேட்கிறார்: "அண்ணாச்சி, கொல்லம் பஸ் இங்க நிக்குமா?" கடைக்காரர் பால் ஆற்றிக்கொண்டே, "எல்லா பஸ்ஸும் நிக்காது" என்கிறார். கேட்டவர் பையைத் தூக்கிக்கொண்டு செங்கோட்டைக்கு ஆட்டோ பிடிக்கிறார். பெஞ்சில் இருந்த இன்னொருவர் அதே பதிலைக் கேட்டு, சரி ஒன்றிரண்டு நிற்கும் போல என்று இன்னொரு டீ சொல்கிறார். இரண்டு பேருக்கும் தமிழ் தாய்மொழி. இரண்டு பேர் காதிலும் விழுந்தது ஒரே வாக்கியம். மலையாளக் கண்டக்டர் "எல்லா பஸ்ஸும் நிர்த்தில்லா" என்றிருந்தாலும் இதே குழப்பம்தான்.

ஒன்று: எந்த பஸ்ஸை எடுத்தாலும் அது நிற்காது. இன்னொன்று: எல்லா பஸ்ஸும் நிற்கும் என்று சொல்வதற்கில்லை. எழுவாய், பயனிலை என்று பிரித்தால் இரண்டும் ஒன்று போலவே பிரியும். ஃபிரேகேயின் எழுத்தில் பிரியாது. அவர் முறையில் ஒரு கிடைக்கோடு போட வேண்டும். 'ஒவ்வொன்றும்' என்பதற்கு அந்தக் கோட்டில் ஒரு சிறு குழிவு. 'இல்லை' என்பதற்குக் கோட்டின் அடியில் ஒரு குட்டிக் குத்துக்கோடு. குத்துக்கோடு குழிவுக்கு வலப்பக்கம் வந்தால் ஒரு பஸ்ஸும் நிற்காது. இடப்பக்கம் வந்தால் சில பஸ் நிற்காது, அவ்வளவுதான். எந்தப் பக்கம் என்று முடிவு செய்யாமல் அந்த எழுத்தில் எழுதவே முடியாது. அச்சுக் கோர்ப்பவர்களை அழ வைத்த அந்தக் கோடுகள் பின்னால் கைவிடப்பட்டன. இன்று பாடநூலில் 'ஒவ்வொன்றும்' என்பதற்கு நிற்கும் தலைகீழ் ஏ எழுத்தை 1935இல் கொண்டுவந்தவர் கெர்ஹார்ட் கென்ட்சன். குறி மாறினாலும் வேலை ஃபிரேகே போட்டதுதான்.

இந்தக் குழப்பத்தைத் தமிழ் இலக்கணக்காரர்கள் கவனிக்காமல் விடவில்லை. தொல்காப்பியம் இடையியலில் 'உம்'முக்கு எட்டுப் பொருள். எண்ணும்மை 'அவனும் இவனும்' என்று கூட்டுவது. முற்றும்மை 'எல்லாரும்' என்று முழுதையும் வளைப்பது. கூடவே ஒரு நூற்பா, முற்றும்மை எச்சப் பொருளுக்கும் உரியதாகலாம் என்கிறது. உரைகாரர்கள் தரும் எடுத்துக்காட்டு 'பத்தும் கொடால்'. பத்தையும் கொடுக்காதே, அதாவது சிலவற்றைக் கொடு, கொஞ்சம் மிச்சம் வை. 'முற்றும்மை ஒரோவழி எச்சமும் ஆகும்' என்று நன்னூலும் இதையே ஒரு வரியில் முடித்துவிடும். எடுத்துக்காட்டு எதிர்மறையில் வருவதைக் கவனியுங்கள். 'பத்தும் கொடு' என்றால் எச்சத்துக்கு இடமில்லை. 'இல்லை' வந்து சேர்ந்ததும்தான் முற்று உடைகிறது. டீக்கடை பெஞ்சில் இருந்தவர் அந்த வாக்கியத்தை நன்னூல்படி கேட்டிருக்கிறார்.

இதை வைத்து 'ஃபிரேகே எல்லாம் நம்மிடம் முன்பே இருந்தது' என்று கிளம்புபவர்களோடு எனக்கு உடன்பாடில்லை. இலக்கணக்காரர் சொன்னது 'உரித்தும் ஆகும்', 'ஒரோவழி' என்றுதான். இரண்டு பொருள் வரும் என்று குறித்தார்கள். எது எங்கே என்று எழுத்திலேயே பிரித்துக் காட்டும் கருவியை அவர்கள் செய்ய முனையவில்லை. அவர்கள் தேவையும் அது அல்ல. ஆனால் ஏரணம் கற்பிக்க வருகிறவர் வேறு மொழி வாக்கியங்களைக் கடன் வாங்கி அல்லாடுவதற்குப் பதில், இந்த நூற்பாவில் தொடங்கலாம்.

'உம்'மை இன்னும் கொஞ்சம் தோண்டலாம். முதல் பஸ்ஸும் இரண்டாம் பஸ்ஸும் மூன்றாம் பஸ்ஸும் என்று கடைசி பஸ்வரை கூட்டிக்கொண்டே போனால் 'எல்லா பஸ்ஸும்'. முற்றும்மை என்பது நீட்டி எழுதிய எண்ணும்மை. அதேபோல, இவனோ அவனோ அடுத்தவனோ என்று நீட்டினால் 'யாரோ'. 'மற்றும்', 'அல்லது' இரண்டுக்கும் 'எல்லாம்', 'ஏதோ ஒன்று' இரண்டுக்கும் உள்ள இந்த உறவைக் குறிகளில் எழுதிப் பார்த்துத்தான் பல மாணவர்கள் பிடிக்கிறார்கள். தமிழிலும் மலையாளத்திலும் அது ஓர் எழுத்தில், ஓர் அசையில் வெளிப்படையாகத் தொங்குகிறது. மலையாள 'உம்', 'ஓ' இரண்டும் வினாச்சொல்லோடு சேர்ந்து இப்படி அளவுச் சொற்களை உண்டாக்குவதைப் பற்றி மொழியியலாளர் கே. ஏ. ஜெயசீலன் 2001இல் ஒரு கட்டுரை எழுதினார். மலையாளத்தில் 'ஓ'வுக்குக் கூடுதலாக ஒரு வேலையும் உண்டு. நாம் "பஸ் வந்துட்டா?" என்கிற இடத்தில் அவர்கள் "பஸ் வந்நோ?" என்பார்கள். வந்ததோ வரவில்லையோ என்ற இரண்டில் ஒன்றைக் கேட்பதுதானே கேள்வி!

ஃபிரேகேயின் கருவியை மொழிமேல் திருப்பிப் பெரிய விளைச்சல் எடுத்தவர் ஆங்கிலேய மெய்யியலாளர் பெர்ட்ரண்ட் ரஸ்ஸல். 1905இல் வந்த அவருடைய கட்டுரையில் பிரான்சுக்கு அரசர் இல்லாத காலத்தில் 'பிரான்சின் இன்றைய அரசர் வழுக்கைத் தலையர்' என்றொரு வாக்கியம் வரும். எங்களுக்கு அவ்வளவு தூரம் வேண்டாம். 'புளியரை மேயர் வழுக்கைத் தலையர்.' புளியரை ஊராட்சி. அதற்கு மேயர் கிடையாது. அப்படியானால் வாக்கியம் உண்மையா, பொய்யா? பொய் என்றால், 'புளியரை மேயருக்கு வழுக்கை இல்லை' என்பது உண்மையாக வேண்டுமே. தலை நிறைய முடியோடு ஒரு மேயரை எங்கே தேடுவது?

ரஸ்ஸல் சொன்ன வழி, 'புளியரை மேயர்' என்பதை ஓர் ஆளின் பெயராக எடுக்காமல் வாக்கியத்தைப் பிரிப்பது. ஒருவர் புளியரைக்கு மேயராக இருக்கிறார், அவரைத் தவிர வேறு எவரும் அப்படி இல்லை, அவருக்கு வழுக்கை. முதல் பகுதியே பொய், ஆகவே மொத்தமும் பொய். 'வழுக்கை இல்லை' என்பதும் இப்போது இரண்டாகிறது. ஒருவர் மேயராக இருக்கிறார், அவருக்கு வழுக்கை இல்லை என்றால் அதுவும் பொய். வழுக்கைத் தலையோடு ஒரு மேயர் இருக்கிறார் என்பதே இல்லை என்றால் உண்மை. மறுபடியும் அந்தக் குத்துக்கோடு எந்தப் பக்கம் என்ற கேள்விதான். வாக்கியத்தின் வெளித்தோற்ற வடிவம் அதன் மெய்யான வடிவமாக இருக்க வேண்டியதில்லை என்று காட்டியது ரஸ்ஸலின் சாதனை என்று 1921இல் வெளிவந்த தன் நூலில் ரஸ்ஸலின் மாணவர் விட்கென்ஸ்டைன் எழுதினார். பகுப்பாய்வு மெய்யியல் என்று இன்று பெயர் பெற்ற மரபு பெரும்பாலும் இந்த இடத்திலிருந்து கிளை விட்டது.

அந்த மெய்யான வடிவத்தைத் 'தருக்க வடிவம்' என்று பல மொழிபெயர்ப்புகளில் பார்க்கிறேன். அதை 'ஏரண வடிவம்' என்றே எழுதலாம். அங்கே எதிராளி இல்லை, வாதம் இல்லை, அறிகிற வழி பற்றிய கேள்வியும் இல்லை. வாக்கியத்தின் எலும்பு மட்டும்தான். நியாயம் என்ற இந்தியத் தத்துவப் பிரிவின் நூல்களையும் பட்டிமன்றத்தையும் பேசும்போது தருக்கம் இருக்கட்டும். சித்தியாரும் மணிமேகலையும் வரும் இடத்தில் அளவையைத் தொட வேண்டாம். 'ஒவ்வொன்றும்' என்ற குறிக்கு முற்றுக்குறி என்றும், 'ஒன்றாவது உண்டு' என்ற குறிக்கு உளதுக்குறி என்றும் சொல்லிப் பார்க்கலாம். முதல் பெயருக்கு முற்றும்மை துணை நிற்கும். மேற்கோள் என்ற சொல்லை மட்டும் மீட்க முடியாது. நிறுவ எடுத்துக்கொண்ட கூற்று என்பது அதன் பழைய பொருள்; இப்போது அதை இரட்டைக் குறிக்குள் அடைத்துவிட்டோம். 'கூற்று' போதும். சினிமாவுக்கு லாஜிக்கே இருக்கட்டும். "ஏரணம் இடிக்குது" என்று தியேட்டர் வாசலில் சொன்னால் ஏதோ வயிற்றுக் கோளாறு என்று மருந்துக்கடைக்கு வழி காட்டிவிடுவார்கள்.