கர்ப்பப்பை அவருடையது, கையெழுத்து யாருடையது?

விடியற்காலை நாலரை மணிக்கே கம்பத்தில் ஜீப்புகள் உறும ஆரம்பித்துவிடும். தூக்குவாளியும் துண்டுமாகப் பெண்கள் நெருக்கியடித்து ஏறிக்கொள்வார்கள். குமுளி வழியாகவோ கம்பம்மெட்டு வழியாகவோ மலையேறி, கேரளாவில் வண்டன்மேடு, ஆனக்கரைப் பக்கத்து ஏலத்தோட்டங்களில் காய் எடுத்துவிட்டுப் பொழுது சாயும் நேரத்தில் இறங்குவார்கள். நான் மகளிர் நோய் மருத்துவர். என்னிடம் வருகிறவர்களில் பாதிப் பேர் இந்த ஜீப்பில் போய் வருகிறவர்கள்தான். ஒருநாள் வேலையை விட்டால் ஒருநாள் கூலி போய்விடும் என்பதால், அவர்கள் வருவது இரவு ஏழு மணிக்கு மேல்தான்.

அப்படி வந்த ஒருவரைப் பற்றி எழுத வேண்டும் என்று நெடுநாளாக நினைத்திருந்தேன். அடையாளம் தெரியாதபடி சில விவரங்களை மாற்றியிருக்கிறேன். அவருக்கு வயது 37. "உடம்பெல்லாம் தீயா எரியுது டாக்டரம்மா. ராத்திரி ஜாக்கெட்டு நனையிற அளவுக்கு வேர்க்குது. மலையில எல்லாரும் குளிருக்குத் துண்டப் போத்திக்கிட்டு நிக்கிறாக, நான் ஒருத்தி மட்டும் முந்தானையால விசிறிக்கிட்டு நிக்கிறேன்" என்றார். தோட்டத்தில் அடிக்கிற மருந்துக் காற்று பட்டதால் இருக்கும் என்று கூட வேலை செய்கிறவர்கள் சொல்லியிருக்கிறார்கள். மாமியார் மந்திரிக்கக் கூட்டிப் போயிருக்கிறார். காய்ச்சல் மாத்திரை, சத்து ஊசி எல்லாம் ஆயிற்று.

ஏதாவது ஆபரேஷன் ஆகியிருக்கிறதா என்று கேட்டேன். ஒன்றரை வருடத்துக்கு முன் கர்ப்பப்பையை எடுத்திருக்கிறார்கள்.

"கூட வேற ஏதாச்சும் எடுத்தாங்களாம்மா?"

"தெரியலையே. வீட்டுக்காரருக்குத்தான் தெரியும். அவருதான் கையெழுத்துப் போட்டாரு."

அடுத்த வாரம் ரேஷன் கார்டு வைத்திருந்த அதே பிளாஸ்டிக் பைக்குள்ளிருந்து டிஸ்சார்ஜ் தாளை எடுத்துக் கொடுத்தார். நாலாய் மடித்து, மடிப்பில் கிழியத் தொடங்கியிருந்த தாள். ஆங்கிலத்தில் ஒரே வரி: கர்ப்பப்பையோடு இரண்டு சினைப்பைகளும் அகற்றப்பட்டன. சதைப் பரிசோதனை முடிவு சாதாரண நார்க்கட்டி, புற்றுநோய் இல்லை. கருமுட்டை உண்டாகிற சினைப்பைகளை எடுத்துவிட்டால் 36 வயதில் ஒரே நாளில் மாதவிடாய் நின்ற உடம்பாகிவிடும். எரிச்சலும் வியர்வையும் தூக்கமின்மையும் அதனால்தான். கவனிக்காமல் விட்டால் எலும்பும் தேயும், இதயத்துக்கும் நல்லதல்ல. தடையேதும் இல்லையென்றால் இயல்பாக மாதவிடாய் நிற்கிற வயது வரைக்கும் ஹார்மோன் மாத்திரை கொடுப்பதுதான் வழக்கம். அந்த மாத்திரையை அவருக்கு யாரும் எழுதித் தரவில்லை. அது தேவைப்படும் என்பதுகூட அவருக்குத் தெரியாது.

படம் வரைந்து விளக்கிச் சொன்னேன். ரொம்ப நேரம் அந்தப் படத்தையே பார்த்துக்கொண்டிருந்தார். பிறகு, "எடுத்ததுக்கு நான் ஒண்ணும் சொல்லலம்மா. எங்கிட்ட ஒரு வார்த்த சொல்லியிருந்தா, எதுக்கு எரியுதுன்னாச்சும் தெரிஞ்சிருக்கும்ல" என்றார்.

அந்த ஆபரேஷன் தேவையா இல்லையா என்று நான் தீர்ப்புச் சொல்ல மாட்டேன். அன்று அந்த மேஜைக்கு முன் நான் நிற்கவில்லை. வயிற்றைத் திறந்த பிறகு என்ன தெரிந்ததோ, எனக்குத் தெரியாது. ஆனால் ஆபரேஷனுக்கு முந்தைய நாளோ, பிந்தைய நாளோ, தையல் பிரிக்க வந்த நாளோ, ஒருமுறையாவது அவரிடம் சொல்லியிருக்க வேண்டும். சொல்லாமல் விட்டதற்கு எந்த மருத்துவக் காரணமும் கிடையாது.

இதில் சட்டம் தெளிவாகவே இருக்கிறது. 2008 ஜனவரியில் சமீரா கோலி வழக்கில் உச்ச நீதிமன்றம் சொன்னதை எங்கள் துறையில் இருக்கிற எல்லோரும் படித்திருக்க வேண்டும். 44 வயதான, திருமணமாகாத பெண். அதிக உதிரப்போக்கு. வயிற்றில் சிறு துளையிட்டு லேப்ராஸ்கோப் வைத்துப் பார்ப்பதற்கு மட்டும் ஒப்புக்கொண்டு மயக்க மருந்து ஏற்றிக்கொண்டார். அவர் மயக்கத்தில் இருக்கும்போதே வெளியே காத்திருந்த அம்மாவிடம் கையெழுத்து வாங்கிக் கர்ப்பப்பை, சினைப்பைகள், குழாய்கள் எல்லாவற்றையும் எடுத்துவிட்டார்கள். வயதுவந்த, சுயபுத்தியுள்ள ஒருவர் தற்காலிகமாக மயக்கத்தில் இருக்கிறார் என்பதற்காக அவருக்குப் பதில் இன்னொருவர் சம்மதம் தர முடியாது என்றது நீதிமன்றம். உயிருக்கு ஆபத்து என்றால் சம்மதத்துக்குக் காத்திருக்க வேண்டியதில்லை. மற்றபடி அவர் கண் விழிக்கும் வரை காத்திருக்கத்தான் வேண்டும். பரிசோதனைக்குக் கொடுத்த ஒப்புதல் சிகிச்சைக்குக் கொடுத்த ஒப்புதல் ஆகாது. என்ன செய்யப் போகிறோம், எதற்காக, வேறு வழி உண்டா, என்ன ஆபத்து, செய்யாமல் விட்டால் என்ன ஆகும், இவ்வளவும் சொன்ன பிறகு வாங்குவதுதான் ஒப்புதல் என்றும் தீர்ப்பு சொல்கிறது. அந்த மருத்துவருக்குக் கட்டணம் கிடையாது என்றதோடு, 25,000 ரூபாய் இழப்பீடும் தரச் சொன்னார்கள்.

கணவர் கையெழுத்தைப் பற்றி ஒரு குழப்பம் உண்டு. 2002-ஆம் ஆண்டின் மருத்துவ ஒழுக்க நெறி விதிகள், குழந்தைப்பேறு இல்லாமல் போகக்கூடிய அறுவைச் சிகிச்சைக்குக் கணவன், மனைவி இருவர் சம்மதமும் வேண்டும் என்கின்றன. கர்ப்பப்பை எடுப்பதும் அதில் வரும். இந்த வரியைப் பிடித்துக்கொண்டுதான் பல இடங்களில் தாளைக் கணவரிடம் நீட்டுகிறார்கள். அவர் போட்டதும் வேலை முடிந்தது என்று நினைக்கிறார்கள். இருவர் சம்மதம் என்றால் அவர் கையெழுத்தோடு இவர் கையெழுத்தும் என்று அர்த்தம். கருக்கலைப்புக்கு அதுகூடத் தேவையில்லை. 1971-ஆம் ஆண்டுச் சட்டப்படி 18 வயது நிரம்பிய பெண்ணின் சம்மதம் மட்டுமே போதும். கணவரைக் கூட்டி வா என்று திருப்பி அனுப்புவது சட்டத்தில் இல்லாத ஒன்று.

தேவையில்லாமல் கர்ப்பப்பை எடுப்பது இந்த எல்லையில் மட்டும் நடப்பதல்ல. ராஜஸ்தான், பீகார், சத்தீஸ்கர் மாநிலங்களில் ஏழைப் பெண்களுக்கு இப்படி நடந்ததாக வந்த வழக்கில், மத்திய சுகாதாரத் துறை வகுத்த வழிகாட்டு நெறிகளை எல்லா மாநிலங்களும் மூன்று மாதத்துக்குள் ஏற்க வேண்டும் என்று 2023 ஏப்ரலில் உச்ச நீதிமன்றம் உத்தரவிட்டது. எங்கள் பக்கத்தில் நான் அடிக்கடி கேட்கிற வசனம் இது: "ரெண்டு பிள்ள பெத்தாச்சு, இனி எதுக்கு அது? காப்பீட்டு அட்ட இருக்கு, எடுத்துரலாம்." இதை மருத்துவர்கள் மட்டும் சொல்வதில்லை. மாமியார் சொல்கிறார், கங்காணி சொல்கிறார், சில நேரம் அந்தப் பெண்ணே சொல்கிறார். வெள்ளைப்படுதலுக்காகக் கர்ப்பப்பையை எடுக்கக் கேட்டு வந்தவர்கள்கூட உண்டு.

மலைக்கு இந்தப் பக்கம் ஒரு மொழி, அந்தப் பக்கம் ஒரு மொழி. குமுளி, கட்டப்பனைப் பக்கத்து மலையாள மருத்துவர்களில் பலர் தமிழ் நன்றாகவே பேசுவார்கள், பொறுமையாகவும் கேட்பார்கள். பேசாதவர்களிடமும் பாதி புரிந்துவிடும். அந்தப் பாதிதான் ஆபத்து. மலையாளத்தில் 'வேதனை' என்றால் உடம்பு வலி. நம் பெண்களுக்கு வேதனை என்றால் மனக்கஷ்டம். "வேதனை உண்டோ?" என்று ஒரு மருத்துவர் கேட்க, குடிகாரப் புருஷனை நினைத்துக்கொண்டு "அது இல்லாத நாளு ஏது சார்" என்று ஒருவர் சொல்லியிருக்கிறார். தினமும் வயிற்று வலி என்று சீட்டில் ஏறியது. அவரே என்னிடம் சொன்னது இது. மலையாள மருத்துவர் 'குழப்பமில்லை' என்றால் பயப்பட ஒன்றுமில்லை என்று பொருள். கேட்கிற தமிழ்ப் பெண், குழம்பவில்லை என்று சொல்வதாக நினைத்துத் தலையாட்டுவார். கர்ப்பபாத்ரம் என்றால் இவர்களுக்கு ஓரளவு புரிகிறது. சினைப்பையை அண்டாசயம் என்றால் புரிவதில்லை. ஆனால், 'சினைப்பை' என்று நான் சொன்னாலும் பல பேருக்குப் புரிவதில்லை. அதனால் "முட்டை உண்டாகிற இடம்" என்று சொல்லிப் படம் போடுகிறேன். ஒரே மொழி பேசுகிற நாங்கள் ஒழுங்காகச் சொல்லிவிடுகிறோம் என்று பெருமைப்பட முடியாது.

நானும் அப்படிச் செய்தவள்தான். பத்துப் பன்னிரண்டு வருடங்களுக்கு முன், ஓர் அரசு மருத்துவமனையில் இரவுப் பணி. பிரசவ வார்டில் கட்டிலுக்கு இருவர். வலியில் துடித்துக்கொண்டிருந்த ஒரு பெண்ணுக்கு சிசேரியன் என்று முடிவானது. ஒப்புதல் படிவத்தில் கைநாட்டு வாங்கப் போனேன். பச்சைக் காய் பறித்துப் பறித்துக் கறையேறி வெடித்த கட்டைவிரல். ரேகை பதியவில்லை. மை டப்பாவில் மறுபடி அழுத்தி, மறுபடி வைத்து, மூன்றாவது முறைதான் ஏதோ பதிந்தது. அந்த ரேகை தெளிவாக விழுகிறதா என்பதில்தான் என் கண் முழுக்க இருந்தது. அதே கையோடு அடியில் இருந்த இன்னொரு தாளிலும் விரலை வைத்து எடுத்தேன். அது பிரசவத்தோடு கர்ப்பப்பைக்குள் கருத்தடைக்கான காப்பர்-டி வைப்பதற்கான ஒப்புதல். அது என்ன தாள் என்று அவரிடம் நான் சொல்லவே இல்லை.

எட்டு மாதம் கழித்து அடிவயிற்று வலி, உதிரப்போக்கு என்று வேறு எங்கோ ஸ்கேன் எடுத்துவிட்டு அங்கேயே வந்தார். "எனக்குள்ள ஏதோ வச்சிருக்கீகளாமே, என்னம்மா அது?" என்று கேட்டார். கோபம்கூட இல்லை அந்தக் குரலில். பயம்தான் இருந்தது. கோப்பை எடுத்துப் பார்த்தேன், என் கையெழுத்துக்கு மேலே அந்த மங்கலான ரேகை. காப்பர்-டியை அன்றே எடுத்துவிட்டோம். அவரிடம் மன்னிப்புக் கேட்டேன். "அட, அதுக்கென்னம்மா" என்றுதான் அவர் சொன்னார். எனக்கு அது இன்னும் ஆறவில்லை.

அதன் பிறகுதான் சில பழக்கங்களை வைத்துக்கொண்டேன். கூட வந்தவரை ஐந்து நிமிடம் வெளியே உட்காரச் சொல்லிவிட்டு அந்தப் பெண்ணிடம் தனியாகப் பேசுவேன். பிறகு இருவரையும் வைத்துப் பேசுவேன். புரிந்ததா என்று கேட்பதில்லை. கேட்டால் "சரிங்கம்மா" என்ற பதில்தான் வரும். "வீட்டுக்குப் போய் உங்க அம்மாகிட்ட இத எப்படிச் சொல்வீங்க, எனக்குச் சொல்லிக் காட்டுங்க" என்பேன். அப்போதுதான் நான் எங்கே தவறவிட்டேன் என்று தெரியும். அவசரம் இல்லாத எந்த ஆபரேஷனுக்கும் அன்றைக்கே கையெழுத்து வாங்குவதில்லை. ஓர் இரவாவது வீட்டில் பேசிவிட்டு வரட்டும்.

நேரம் எங்கே இருக்கிறது என்று இளம் மருத்துவர்கள் கேட்கிறார்கள். ஒரு மாலையில் அறுபது பேரைப் பார்க்கிற இடத்தில் அது நியாயமான கேள்வி. என்னாலும் எல்லோருக்கும் இருபது நிமிடம் ஒதுக்க முடியாது. ஒரு உறுப்பை எடுக்கப் போகிறவருக்கு மட்டுமாவது ஒதுக்கலாம்.

நோயாளிகளுக்கும் சில விஷயங்கள் தெரிந்திருக்க வேண்டும். உதிரப்போக்குக்கு மாத்திரை உண்டு. கர்ப்பப்பைக்குள் வைக்கும் ஹார்மோன் கருவி உண்டு. நார்க்கட்டி மாதவிடாய் நின்ற பிறகு பெரும்பாலும் சுருங்கிவிடும். எல்லோருக்கும் இவை பொருந்தாது, ஆனால் இவற்றைப் பற்றிக் கேட்க எல்லோருக்கும் உரிமை உண்டு. சினைப்பையையும் எடுப்பீர்களா, ஏன் என்று வாய்விட்டுக் கேளுங்கள். வயிற்றைக் கிழித்துச் செய்தால் ஆறு வாரமாவது கனமான சுமை தூக்கக் கூடாது. கூலி வேலைக்குப் போகிறவர் முதலில் கேட்க வேண்டியதே இதுதான், எங்களில் பலர் சொல்ல மறப்பதும் இதுதான். உள்நோயாளியாக இருந்தவரின் பதிவேடுகளை மூன்று வருடம் வைத்திருக்க வேண்டும், கேட்டால் 72 மணி நேரத்துக்குள் நகல் தர வேண்டும் என்று அதே 2002 விதிகள் சொல்கின்றன. தமிழ்நாடானாலும் கேரளாவானாலும் அதே விதிதான். டிஸ்சார்ஜ் தாளை வாங்கும்போதே, என்ன எடுத்தீர்கள் என்று தமிழில் ஒரு வரி எழுதித் தரச் சொல்லுங்கள்.

போன மாதம் 41 வயதான ஒருவருக்கு நார்க்கட்டி. ரத்தசோகை வேறு, ஹீமோகுளோபின் 8 கிராம்தான். என் மனதுக்கு ஆபரேஷன் நல்லது என்று பட்டது, அப்படியே சொன்னேன். மற்ற வழிகளையும் சொன்னேன். அடுத்த நாள் மகளோடு வந்தார். "ஆறு வாரம்னா இப்ப முடியாதும்மா. காய் எடுப்பு நடக்குது, கடன் இருக்கு. மாத்திரையும் அந்தக் கருவியும் வச்சுப் பாப்போம். தையில காய் முடிஞ்சதும் வாரேன், அப்பவும் நிக்கலன்னா எடுத்துருங்க. முட்ட உண்டாகிற இடத்த மட்டும் எடுத்துராதீங்க."

கருவியை வைத்து, இரும்புச்சத்து ஏற்றத் தேதி குறித்துக் கொடுத்தேன். அவர் கடைசியாகச் சொன்ன வாக்கியத்தை அப்படியே சீட்டில் எழுதி, கீழே அவரிடம் கையெழுத்து வாங்கிக்கொண்டேன்.