அறுபது என்பது மில்லிமீட்டர் இல்லை

முன்சக்கரத்துக்கு மேலே, உள்பக்க பிளாஸ்டிக் லைனரில் விரல் அகலத்துக்குப் பளபளவென்று ஒரு கோடு. ஸ்டியரிங்கை ஒரு பக்கமாக முழுக்க ஒடித்தால் டயரின் தோள் (பக்கச்சுவர் தொடங்கும் மேல் விளிம்பு) சரியாக அந்தக் கோட்டில் போய் உட்காருகிறது. டயர் மாற்றிப் பத்து நாள்கூட ஆகாத காம்பாக்ட் எஸ்யூவி. கொண்டுவந்தவரின் புகார்: "யு-டர்ன் அடிச்சா சர்ருனு சத்தம் வருது, வீல் பேரிங் போயிடுச்சான்னு பாருங்க." பேரிங்குக்கு ஒரு கேடும் இல்லை. கம்பெனி கொடுத்த டயர் 215/60 ஆர்16. இப்போது மாட்டியிருப்பது 235/60 ஆர்16. ஏன் என்று கேட்டால் எல்லோரும் சொல்லிவைத்ததுபோல ஒரே பதில்தான் சொல்கிறார்கள்: "அறுபது அறுபதுதானே சார், உயரம் மாறலையே. அகலம் மட்டும்தான் கொஞ்சம் ஜாஸ்தி."

வண்டி மாறுகிறது, ஆள் மாறுகிறார், இந்த வாக்கியம் மட்டும் மாறுவதில்லை. ஆகவே இதை மட்டும் நிறுத்தி நிதானமாகச் சொல்லிவிடுகிறேன். தெரிந்தவர்கள் பொறுத்துக்கொள்ளுங்கள்.

215/60 ஆர்16 என்பதில் 215 டயரின் அகலம், மில்லிமீட்டரில். ஆர் என்பது ரேடியல் வகை. 16 ரிம்மின் விட்டம், அங்குலத்தில். நடுவில் நிற்கும் 60 மில்லிமீட்டரும் இல்லை, அங்குலமும் இல்லை. அது சதவீதம். அதுவும் முன்னால் நிற்கும் அகலத்தின் சதவீதம். டயரின் பக்கச்சுவர் உயரம் 215-இல் 60 சதவீதம், அதாவது 129 மி.மீ. அகலத்தை 235 ஆக்கிவிட்டு 60-ஐ அப்படியே வைத்தால் பக்கச்சுவர் 235-இல் 60 சதவீதம், 141 மி.மீ. எண் மாறவில்லை, உயரம் மாறிவிட்டது. இரண்டு பேருக்கு அறுபது சதவீதம் சம்பள உயர்வு என்றால் இருவருக்கும் ஒரே தொகையா கிடைக்கும்?

செல்போன் கால்குலேட்டர் போதும். பக்கச்சுவர் ரிம்முக்கு மேலும் உண்டு, கீழும் உண்டு; அதனால் இரண்டால் பெருக்க வேண்டும். 129 × 2 = 258. ரிம் 16 அங்குலம், 25.4-ஆல் பெருக்கினால் 406.4. இரண்டையும் கூட்டினால் 664.4 மி.மீ. இதுதான் கம்பெனி டயரின் முழு உயரம். புது டயருக்கு 141 × 2 = 282, அதோடு 406.4, மொத்தம் 688.4. வித்தியாசம் 24 மி.மீ., அதாவது 3.6 சதவீதம். தொழிலில் மூன்று சதவீதத்தைக் கடைசி எல்லை என்பார்கள். உரசல், மீட்டர் என்று எந்தப் பஞ்சாயத்தும் வேண்டாம் என்றால் இரண்டுக்குள் நிறுத்துவதே நல்லது.

24 மி.மீ. என்றதும் "அப்ப கிரவுண்ட் கிளியரன்ஸ் ஒரு அங்குலம் ஏறிடுமே" என்று சந்தோஷப்பட வேண்டாம். அச்சுக்குக் கீழே வருவது பாதிதான், 12 மி.மீ. மீதிப் பாதி மேலே போய் லைனரையும், சில வண்டிகளில் ஸ்டிரட்டில் (சஸ்பென்ஷன் தூணில்) இருக்கும் ஸ்பிரிங் தட்டையும் நெருங்கும். அகலத்தில் கூடிய 20 மி.மீ.யும் அப்படித்தான்: அதே ரிம் என்றால் உள்ளே பத்து, வெளியே பத்து. வெளியே வருவது கண்ணுக்கு அழகு. உள்ளே போனதை வண்டியை லிஃப்டில் ஏற்றினால்தான் பார்க்க முடியும்.

ஷோரூம் வாசலில் ஒரு சுற்று ஓட்டிப் பார்த்துவிட்டு "எங்கேயும் உரசலை" என்பது சோதனையே இல்லை. வண்டியில் ஐந்து பேர், டிக்கியில் சாமான், ஸ்டியரிங் முழு ஒடிப்பில், ஒரு சக்கரம் பள்ளத்தில் இறங்கி ஏற வேண்டும். ரிவர்ஸிலும் அதையே செய்ய வேண்டும். ஆளில்லாமல் ஓட்டினால் வராத சத்தம், குடும்பத்தோடு வால்பாறையின் 40 கொண்டை ஊசி வளைவில் ஏறும்போது வரும். கொல்லிமலை என்றால் 70.

இந்த 3.6 சதவீதம் மீட்டரையும் விடாது. சக்கரம் எத்தனை சுற்று சுற்றுகிறது என்பதை வைத்துத்தான் வண்டி வேகத்தைக் கணக்கிடுகிறது. பழைய டயர் ஒரு கிலோமீட்டருக்குச் சுமார் 479 சுற்று, புதியது 462. எனவே மீட்டர் முன்பு 100 காட்டிய இடத்தில் இப்போது நீங்கள் உண்மையில் மூன்றரை கிலோமீட்டர் கூடுதல் வேகத்தில் போகிறீர்கள். நிஜ வேகத்தைவிடக் குறைத்துக் காட்டக்கூடாது என்பதால் தயாரிப்பாளர்கள் மீட்டரைக் கொஞ்சம் கூட்டிக் காட்டும்படிதான் அமைப்பார்கள். அந்தப் பாதுகாப்பு இடைவெளியைத்தான் பெரிய டயர் தின்கிறது.

"டயர் மாத்தினதிலிருந்து மைலேஜ் விழுந்துடுச்சு" என்பது அடுத்த புகார். பாதி நிஜம், டயரின் எடை கூடுகிறது, உருளும் தடையும் கூடுகிறது. மீதிப் பாதி கணக்குப் பிழை. ஆயிரம் கிலோமீட்டர் ஓடினால் ஓடோமீட்டர் 965 என்றுதான் காட்டும். லிட்டருக்கு 17 கொடுத்த வண்டி எதுவும் மாறாமலேயே 16.4 கொடுப்பதாகத் தெரியும். இஞ்செக்டர் கிளீன் பண்ண ஓடாதீர்கள். இன்னொன்று: சக்கரம் பெரிதானால் எல்லா கியரும் கொஞ்சம் நீளமான மாதிரி ஆகிவிடும். ஒரு லிட்டர், 1.2 லிட்டர் இன்ஜின் வண்டிகளில் மேட்டில் நிறுத்தி எடுக்கும்போது கிளட்ச் அதை முதலில் சொல்லும்.

சரி, அகலமும் வேண்டும், உயரமும் மாறக்கூடாது என்றால்? நடுவில் இருக்கும் எண்ணைக் குறைக்க வேண்டும். 235/55 ஆர்16 என்றால் 664.9 மி.மீ.; அரை மில்லிமீட்டர் வித்தியாசம். ஆனால் அவசரப்படாதீர்கள், ரிம் அகலம் என்று ஒன்று இருக்கிறது. அலாயின் உள்பக்கத்தில் 6ஜே, 6.5ஜே என்று வார்த்திருப்பார்கள். அதுதான் அங்குலத்தில் ரிம் அகலம். 235/60, 235/55 இரண்டுக்குமே 6.5 அங்குலம் குறைந்தபட்சம். 6 அங்குல ரிம்மில் திணித்தால் பக்கச்சுவர் பலூன் மாதிரி வெளியே பிதுங்கும். பட்டனின் (ரோட்டில் படும் ரப்பர் வரிகளின்) நடுப்பகுதி மேடாகி அங்கே மட்டும் தேயும். வளைவில் வண்டி ஒரு நொடி தள்ளாடித்தான் திரும்பும். 6ஜே ரிம்மோடு வந்த வண்டியில் அகலம் கூட்டியே தீர வேண்டும் என்றால் 225/60 ஆர்16 வரை போகலாம். 676.4 மி.மீ., 1.8 சதவீதம். அதற்கு மேல் வேண்டுமென்றால் ரிம்மையும் மாற்ற வேண்டும். அப்போது ஆஃப்செட் என்ற இன்னொரு கணக்கு வரும்: ரிம்மின் நடுக்கோட்டிலிருந்து போல்ட் உட்காரும் முகம் எத்தனை மி.மீ. தள்ளியிருக்கிறது என்பது. ரிம்மில் ஈடி 45 என்பதுபோல ஓர் எண் இருக்கும். அதைப் பார்க்காமல் "நாலு போல்ட் சரியா உட்காருது" என்று மாட்டும் அலாய்தான் பேரிங்கை நிஜமாகவே தின்னும்.

அகலமான டயர் மழையில் நன்றாகப் பிடிக்கும் என்று நம்புகிறவர்களுக்கு ஒரு வார்த்தை: அதே எடை, அதே ஆழப் பட்டன் என்றால் அகலமான டயர்தான் தண்ணீரின் மேல் சீக்கிரம் மிதக்கும்.

பெரிதாக்கியவர்களைவிட எனக்கு அதிகம் பயம் தருகிறவர்கள் சிறிதாக்கியவர்கள். ரிம் 16 என்பதை மட்டும் பார்த்து, கையிருப்பில் இருந்த 205/55 ஆர்16-ஐத் தூக்கிப் போட்டு அனுப்பிவிடுகிறார்கள். அது செடான் அளவு. உயரம் 631.9 மி.மீ.; வண்டி 16 மி.மீ. தாழ்ந்துவிடும். அது போகட்டும். பக்கச்சுவரில் அளவுக்கு அடுத்து 95ஹெச், 91வி என்று எழுதியிருப்பதை யாரும் படிப்பதில்லை. முதல் எண் சுமைக் குறியீடு. 95 என்றால் அந்த ஒரு டயர் 690 கிலோ வரை தாங்கும். 91 என்றால் 615 கிலோ. ஒரு டயருக்கு 75 கிலோ, நான்குக்கும் சேர்த்து 300 கிலோ தாங்குதிறன் காணாமல் போகிறது. எஸ்யூவியை அதன் முழு எடையோடு மே மாத வெயிலில் நாற்கரச் சாலையில் ஓட்டினால் அந்த டயர் சூடாகிப் பிளப்பதற்கு வேறு காரணம் தேட வேண்டியதில்லை. சுமைக் குறியீடு கம்பெனி கொடுத்ததற்குச் சமமாகவோ கூடவோ இருக்கலாம், ஒரு எண்கூடக் குறையக் கூடாது. எழுத்து வேகக் குறியீடு: டி என்றால் மணிக்கு 190 கி.மீ. வரை, ஹெச் 210, வி 240. எக்ஸ்எல் (கூடுதல் சுமை வகை) என்று போட்ட டயர் வாங்கினால் காற்றழுத்தத்தை டயர் கடையில் கேட்டுக் குறித்துக்கொள்ளுங்கள். அது தன் முழுச் சுமையையும் தாங்க சாதா டயரைவிட அதிகக் காற்று வேண்டும்.

17 அங்குலக்காரர்களுக்கு. கிரெட்டா, செல்டோஸ் வேரியன்ட்கள் சிலவற்றில் 215/60 ஆர்17 வரும், உயரம் 689.8. இதை 18 ஆக்க ஆசைப்படுகிறவர்கள் 225/55 ஆர்18 போடுகிறார்கள், 704.7, அதாவது 2.2 சதவீதம் கூட. 215/55 ஆர்18 என்றால் 693.7, அரை சதவீதம்தான். கணக்குப்படி சரி. ஆனால் பக்கச்சுவர் 129-லிருந்து 118 ஆகிவிடுகிறது. ரிம்முக்கும் சாலைக்கும் நடுவே இருந்த ரப்பரில் 11 மி.மீ. போனது. மழை முடிந்த சென்னைச் சாலையில் 50-இல் போய் ஒரு பள்ளத்தில் அடித்தால் ரிம் விளிம்புக்கும் பள்ளத்தின் விளிம்புக்கும் நடுவே பக்கச்சுவர் நசுங்கி, உள்ளே நூல் அறுந்து, வெளியே எலுமிச்சம்பழம் அளவுக்கு வீங்கும். வீக்கம் வந்த டயருக்குப் பஞ்சரும் கிடையாது, பேட்ச்சும் கிடையாது. அடிபட்ட வீக்கத்துக்கு வாரன்டியும் வராது. தயவுசெய்து அதை ஸ்டெப்னியில் போட்டு வைக்காதீர்கள், தூக்கிப் போடுங்கள்.

ஸ்டெப்னி என்றதும் இன்னொன்று. 17 அங்குல அலாய் வரும் பல வண்டிகளில் ஸ்டெப்னி மட்டும் 16 அங்குல இரும்பு ரிம், 205/65 ஆர்16. உயரம் 672.9, மற்ற மூன்றைவிட 17 மி.மீ. குறைவு. அது பஞ்சர் கடை வரைக்கும்தான். அதன் மேல் ஒட்டியிருக்கும் வேக வரம்பு ஸ்டிக்கரைப் படியுங்கள். அதைப் போட்டுக்கொண்டு திருச்சியிலிருந்து மதுரை வரை வந்துவிட்டு "இஎஸ்பி லைட் எரியுது" (வண்டி வழுக்காமல் காக்கும் அமைப்பின் எச்சரிக்கை விளக்கு) என்றால் வண்டியின் மேல் என்ன தப்பு? நான்கு சக்கரமும் இழுக்கும் ஆல் வீல் டிரைவ் வண்டியாக இருந்தால் இன்னும் கவனம். அங்கே நான்கு டயரும் ஒரே அளவு, ஒரே மாடல், ஏறக்குறைய ஒரே தேய்மானம். இரண்டு மட்டும் மாற்றுகிறேன் என்ற பேச்சே கூடாது.

சாதாரண முன்சக்கர இழுவை வண்டியில் இரண்டு மட்டும் மாற்றலாம். புதிய இரண்டும் பின்னால் போகட்டும். "இழுக்கிற சக்கரத்துக்குத்தானே புதுசு வேணும்" என்று எப்போதும் வாதாடுவார்கள். முன்சக்கரம் வழுக்கினால் ஸ்டியரிங்கில் தெரியும், ஆக்சிலேட்டரை விட்டால் பிடித்துக்கொள்ளும். பின்சக்கரம் வழுக்கினால் வண்டி சுற்றிவிடும்.

இத்தனை கணக்கும் போடாமல் தப்பிக்க ஒரே ஒரு ஸ்டிக்கர் இருக்கிறது. ஓட்டுநர் கதவைத் திறந்தால் கதவுத் தூணில் டயர் அளவும் காற்றழுத்தமும் அச்சிட்டிருப்பார்கள். அதையும் கையேட்டில் டயர் பக்கத்தையும் போட்டோ எடுத்து வைத்துக்கொள்ளுங்கள். உங்கள் மாடலின் வேறு வேரியன்டுக்குக் கம்பெனியே கொடுத்த அளவு என்றால் பெரும்பாலும் ரிம்மோடு சேர்த்து மாற்றலாம். சக்கரத்துக்குள் இருக்கும் பிரேக் காலிப்பர் ரிம்மில் இடிக்கிறதா, மீட்டரில் எவ்வளவு வித்தியாசம் என்பதை மட்டும் முதலில் பார்க்க வேண்டும். அதைத் தாண்டிப் போனால் மோட்டார் வாகனச் சட்டத்தின் 52ஆவது பிரிவும் குறுக்கே நிற்கும். கம்பெனி கொடுத்த விவரத்திலிருந்து வண்டியை மாற்றக்கூடாது என்று 2019 ஜனவரியில் உச்ச நீதிமன்றமும் சொல்லியாயிற்று.

கடையில் பேரம் பேசுவதற்கு முன் நான்கு டயரையும் திருப்பிப் பார்த்துத் தேதி படியுங்கள். டாட் (DOT) என்று தொடங்கும் எழுத்து வரிசையின் முடிவில் நான்கு இலக்கம்: 2425 என்றால் 2025-ஆம் ஆண்டின் 24ஆவது வாரம். ஒரு பக்கத்தில் மட்டும்தான் முழுதாக இருக்கும், அதனால் இரு பக்கமும் பாருங்கள். ஐஎஸ்ஐ முத்திரை இல்லாத டயரைத் தொடாதீர்கள். சக்கரத்துக்குள் காற்றழுத்த சென்சார் இருக்கிற வண்டி என்றால் மெஷினில் ஏற்றும் முன்பே ஆளிடம் சொல்லிவிடுங்கள். உடைந்த பிறகு சொல்லிப் பயனில்லை. சென்சார் இல்லாமல் சக்கரச் சுற்றை வைத்துக் கணிக்கும் வகை என்றால் மாற்றியதும் ரீசெட் பண்ண வேண்டும். நட்டுகளை டார்க் ரெஞ்சில் (முடுக்கும் விசையை அளக்கும் ஸ்பேனரில்) முடுக்கச் சொல்லுங்கள். நூறு கிலோமீட்டருக்குள் இன்னொரு முறை முடுக்குங்கள்.

அளவை மாற்றித்தான் போடுவேன் என்று நின்றால், முதலில் முன்பக்கம் இரண்டை மட்டும் மாட்டச் சொல்லி, ஆட்களை ஏற்றி, முழு ஒடிப்பில் கடை வாசலிலேயே ஸ்பீடு பிரேக்கர் ஏற்றி இறக்கிப் பாருங்கள். அது முடியும் வரை பழைய டயர்களை எக்ஸ்சேஞ்சில் தள்ளிவிட வேண்டாம். புது டயர் ரோட்டில் இறங்கி ஓடிவிட்டால் எந்தக் கடைக்காரரும் திருப்பி எடுக்க மாட்டார்.