விசாரணை தொடங்குமுன் வழக்கிலிருந்து விடுபட முடியுமா?

தோட்டத்தில் யார் மீதாவது பொலிஸ் வழக்கு விழுந்தால், நம் ஆட்கள் பலர் முதல் தவணையிலேயே குற்றத்தை ஒத்துக்கொண்டு விடுகிறார்கள். ஹட்டனுக்கோ நுவரெலியாவுக்கோ பஸ் ஏறினால் அன்றைய பேர் (நாட்சம்பளம்) போய்விடும், இன்னும் நாலு தவணை அலைய முடியாது, தண்டப்பணத்தைக் கட்டிவிட்டுப் போவோம் என்ற நினைப்புதான் காரணம். அந்தக் கஷ்டம் உண்மையானது. ஆனால் ஒத்துக்கொண்டால் நீங்கள் குற்றவாளி என்று பதிவாகிவிடும். பிறகு நீங்கள் வெளிநாட்டு வேலைக்குப் பொலிஸ் நற்சான்று எடுக்கப் போகும்போது அது குறுக்கே வந்து நிற்கலாம். அதனால் வாயைத் திறக்குமுன், விசாரணைக்கே போகாமல் வழக்கு முடிய வழி இருக்கிறதா என்று கேளுங்கள்.

இதற்கான அடிப்படை இலங்கையின் 1979ஆம் ஆண்டின் 15ஆம் இலக்கக் குற்றவியல் நடவடிக்கைமுறைச் சட்டக்கோவை. அதன் 186ஆம் பிரிவின்படி, நீதவான் நீதிமன்ற வழக்கு எந்தக் கட்டத்தில் இருந்தாலும், காரணத்தை எழுதி வைத்துக் குற்றஞ்சாட்டப்பட்டவரை விடுவிக்க நீதவானுக்கு அதிகாரம் உண்டு. குற்றப்பத்திரிகையில் சொல்லப்பட்டதை அப்படியே எடுத்துக்கொண்டாலும் அது சட்டப்படி குற்றமாகாது என்றால், உங்கள் சட்டத்தரணி இந்தப் பிரிவைக் காட்டி விண்ணப்பிக்கலாம். குற்றப்பத்திரிகையே இன்னும் வரவில்லை, பொலிஸார் தம் விசாரணை பற்றி நீதிமன்றத்துக்குக் கொடுக்கும் ‘பி’ அறிக்கையில்தான் தவணை போகிறது என்றால், போதிய சான்று இல்லை என்று பொலிஸாரோ சட்டமா அதிபரோ அறிவிக்கும்போதும் விடுவிப்பு கிடைக்கும்.

நம் பக்கத்தில் அதிகம் உதவுவது சமரசம்தான். லயத்தில் பக்கத்து வீட்டுக்காரரின் மரக்கறிப் பாத்தியில் மாடு மேய்ந்துவிடுகிறது; வாய்த்தர்க்கம் கைகலப்பாகி ஒருவருக்குச் சிறு காயம். இப்படிப்பட்ட சிறு காயம், அத்துமீறி நுழைதல் போன்ற வழக்குகளை 266ஆம் பிரிவின்கீழ் இரு தரப்பும் இணங்கி முடிக்கலாம். பாதிக்கப்பட்டவர் தன் விருப்பத்தோடு நீதவான் முன் சொல்ல வேண்டும். தோட்டத் தலைவரோ கணக்கப்பிள்ளையோ வெளியே பேசி வைத்துவிட்டால் மட்டும் வழக்கு முடியாது. நீதிமன்றப் பதிவில் அது ஏற வேண்டும். இத்தகைய பல தகராறுகள் 1988ஆம் ஆண்டு மத்தியஸ்த சபைச் சட்டத்தின்கீழ் முதலில், இரு தரப்பையும் பேசி இணக்கப்படுத்தும் மத்தியஸ்த சபைக்குப் போக வேண்டியவை. அங்கே போகாமல் நேரே வழக்கு வந்திருந்தால் அதையும் சட்டத்தரணியிடம் சொல்லுங்கள். கசிப்பு, போதைப்பொருள் வழக்குகளில் சமரசப் பேச்சே கிடையாது.

பொலிஸ் இல்லாமல் ஒருவர் தானே தொடுத்த வழக்கில், தவணைக்கு முறைப்பாட்டாளர் வராவிட்டால் நீதவான் உங்களை விடுதலை செய்யலாம். தகுந்த காரணம் இருந்தால் தள்ளியும் வைக்கலாம். ஆனால் அவர் வரமாட்டார் என்று நம்பி நீங்கள் வீட்டில் இருந்துவிடாதீர்கள். நீங்கள் வராவிட்டால் பிடியாணைதான்.

மேல் நீதிமன்ற வழக்கென்றால், குற்றப்பகர்வுப் பத்திரத்தை (மேல் நீதிமன்றத்தில் தாக்கலாகும் குற்றச்சாட்டுப் பத்திரத்தை) மேற்கொண்டு நடத்தப்போவதில்லை என்று தெரிவிக்கும் அதிகாரம் சட்டமா அதிபருக்கு உண்டு. அப்புறம், சம்பவம் நடந்து 20 ஆண்டு கடந்துவிட்டால், கொலை, தேசத்துரோகம் தவிர்ந்த பெரும்பாலான குற்றங்களுக்கு வழக்குத் தொடர முடியாது.

எல்லாவற்றையும்விட முக்கியமானது, வழக்கு எப்படி முடிந்தது என்பது. விசாரணைக்கு முன் விடுவிக்கப்பட்டவர் மீது புதிய சான்று கிடைத்தால் அதே விடயத்தில் மீண்டும் வழக்கு வரலாம். குற்றமற்றவர் என்று விடுதலையானவரை அதே குற்றத்துக்கு மறுபடி விசாரிக்க முடியாது. “வழக்கு முடிஞ்சது, போங்க” என்று யாராவது சொன்னால் அதோடு வந்துவிடாமல், இரண்டில் எது என்று கேட்டுத் தெரிந்துகொள்ளுங்கள்.

மலையக நீதிமன்றங்களில் பெரும்பாலும் சிங்களத்தில்தான் நடவடிக்கை நடக்கும். புரியாவிட்டால் தலையாட்ட வேண்டாம். அரசியலமைப்பின் 24ஆம் உறுப்புரை, அரச செலவில் தமிழ் மொழிபெயர்ப்பு பெறும் உரிமையை உங்களுக்குத் தருகிறது. “எனக்குச் சிங்களம் விளங்காது, தமிழில் சொல்லுங்கள்” என்று நீதவானிடமே கேட்கலாம். அதில் மரியாதைக் குறைவு எதுவும் இல்லை. சட்டத்தரணிக்குப் பணம் இல்லையென்றால் சட்ட உதவி ஆணைக்குழுவின் அலுவலகத்துக்குப் போங்கள். வழக்கு முடிந்த பின், வழக்கு இலக்கத்தைச் சொல்லி நீதிமன்றப் பதிவாளர் காரியாலயத்தில் கட்டளையின் உறுதிப்படுத்திய பிரதியை எடுத்து, அடையாள அட்டையோடு சேர்த்துப் பத்திரமாக வையுங்கள்.