வலிநீக்கியா, வலியடக்கியா?

மருத்துவப் பக்கங்களிலும் முகாம் துண்டறிக்கைகளிலும் இப்போது எங்கு பார்த்தாலும் ‘வலிநீக்கி’. தனித்தமிழாம். தமிழ்தான், மறுக்கவில்லை. ஆனால் பொருள் தப்பு.

வேரை முதலில் முடித்துவிடலாம். மருத்துவர்கள் சொல்லும் ‘அனால்ஜெசிக்’ கிரேக்க வழி வந்தது: ‘அன்’ இல்லாமை, ‘அல்கோஸ்’ வலி. ‘பெயின்கில்லர்’ கடைத்தெருப் பெயர். 1840களில் அமெரிக்காவில் பெரி டேவிஸ் என்பவர் சாராயமும் அபினும் கலந்து விற்ற சீசா மருந்துக்கு அந்தப் பெயர்தான். நம்மிடம் நெடுநாள் புழங்கியது ‘வலி நிவாரணி’. நிவாரணம் வடசொல், தடுத்தல், விலக்கல் என்று பொருள்.

அந்த வடசொல்லை விரட்டத்தான் நீக்கி வந்தது. வேடிக்கை என்னவென்றால், நிவாரணம் என்றால் என்ன என்று டெல்டாக்காரர்களுக்கு யாரும் சொல்லித்தர வேண்டியதில்லை. 2018 நவம்பரில் கஜா புயல் வேதாரண்யம் பக்கம் கரையேறி, பட்டுக்கோட்டை, பேராவூரணி வரை தென்னையைச் சாய்த்துப் போட்ட பிறகு வந்தது நிவாரணம். விழுந்த மரம் எழுந்திருக்கவில்லை. கொஞ்ச நாள் தாக்குப்பிடிக்கலாம், அவ்வளவுதான். மாத்திரை செய்வதும் அதுவே. ஆக, துரத்தப்பட்ட சொல் புழக்கத்தில் சரியான பொருளுக்கு வந்து சேர்ந்திருந்தது. கொண்டுவந்த சொல்தான் பொய் சொல்கிறது.

நீக்கு என்றால் இல்லாமல் ஆக்கு. ஐபுபுரூஃபன், டைக்ளோஃபினாக் போன்ற வலி மாத்திரைகள் எதையும் இல்லாமல் ஆக்குவதில்லை. புரோஸ்டாகிளாண்டின் என்ற பொருள் உடம்பில் உண்டாவதைக் குறைக்கின்றன. வலி மட்டுப்படுகிறது, தேய்ந்த மூட்டு தேய்ந்தபடியே. இரைப்பையின் உள்சவ்வைக் காப்பதும் அதே பொருள்தான் என்பதால், தொடர்ந்து போட்டால் வயிற்றில் புண். சிறுநீரகமும் அடிவாங்கும், அதிலும் வெயிலில் தண்ணீர் குடிக்காமல் வேலை செய்கிறவர்களுக்கு.

நடவு நாட்களில் சாயங்காலம் ஏதாவது ஒரு மெடிக்கலில் நின்று பாருங்கள். “அண்ணே, மேல்வலிக்கு ஒரு செட்டு குடுங்க.” வலிநீக்கி என்று யாரும் கேட்பதில்லை. மடித்த காகிதத்துக்குள் நாலு மாத்திரை; அட்டையிலிருந்து கத்தரித்தவை, பெயர் அச்சிட்ட துண்டு கடையிலேயே தங்கிவிடும். காலையில் இடுப்பு லேசானதும் சரியாகிவிட்டது என்று மறுபடி சேற்றில் இறங்குகிறார்கள். ராத்திரிக்கு இன்னொரு செட்டு. அதில் பாராசிட்டமால் இருக்கலாம். சளிக்கென்று தனியாக வாங்கியதிலும் இருக்கலாம். பெரியவர்களுக்கே ஒரு நாளைக்கு 4 கிராம்தான் உச்சம். 650 மில்லிகிராம் மாத்திரை ஆறு போட்டால் 3,900 மில்லிகிராம் ஆகிவிடும். குடிக்கிறவர்களுக்கும் ஈரல் கெட்டவர்களுக்கும் அதுவே அதிகம். மழைக்காலத்தில் காய்ச்சலோடு மேல்வலி வந்து டெங்குவோ என்று சந்தேகம் இருந்தால் ஆஸ்பிரின், ஐபுபுரூஃபன், டைக்ளோஃபினாக் மூன்றையும் தொடக்கூடாது, ரத்தக்கசிவு ஆபத்து.

இன்னொரு கூட்டம் ‘வலிகொல்லி’ என்கிறது. ஆங்கிலத்தை அப்படியே பெயர்த்து வைத்தது. பூச்சிக்கொல்லியும் களைக்கொல்லியும் உரக்கடை அலமாரியில் பார்த்துப் பழகிய ஊரில், வாயில் போடுகிற பொருளுக்கு இந்தப் பெயரா?

சித்த மருத்துவ நூல்களைப் புரட்டியிருந்தால் இந்தப் பாடே இல்லை. மருந்தின் செய்கைகளை வரிசையாகச் சொல்லும் இடத்தில் கோழைக்குக் கோழையகற்றி, காய்ச்சலுக்கு வெப்பகற்றி. நோவுக்கு வரும்போது மட்டும் ‘துயரடக்கி’. அகற்றி என்ற சொல் கையிலேயே இருந்தும் அங்கே போடவில்லை பாருங்கள். துயர் இன்று மனசு சம்பந்தப்பட்டதாகிவிட்டது, அதனால் ‘வலியடக்கி’ என்று மாற்றிக்கொள்ளலாம். அடக்கியது மறுபடி தலைதூக்கும் என்பது கேட்டவுடனே புரியும். ‘வலிதணிப்பி’யும் தப்பில்லை, ஆனால் வாயில் நிற்க மாட்டேன் என்கிறது.

மொழிபெயர்க்கிறவர்கள் வடசொல்லா, தமிழ்ச்சொல்லா என்று பார்ப்பதோடு நிறுத்திக்கொள்கிறார்கள். மருந்து என்ன செய்கிறது என்று ஒரு கடைக்காரரைக்கூடக் கேட்பதில்லை. அதனால்தான் அச்சில் இப்படியும் வருகிறது: ‘வலிநீக்கி எடுத்தும் வலி நீங்காவிட்டால் மருத்துவரை அணுகவும்.’