கையெழுத்துப் போடும் முன் ஒரு கணக்கு

அம்பத்தூர் எஸ்டேட்டில் ஒரு சின்ன கம்பெனியில் 11 வருடம் லேத் ஓட்டியவர் என் கட்சிக்காரர். ஒரு சனிக்கிழமை ஷிப்ட் முடிந்து கிளம்பும்போது, "திங்கட்கிழமையிலேருந்து வராதீங்க" என்று சூப்பர்வைசர் வாயால் சொன்னதோடு சரி. நோட்டீஸும் இல்லை, கடிதமும் இல்லை. திங்களன்று கேட்டிலேயே நிறுத்திவிட்டார்கள்.

வழக்கு என்று வந்ததும் கம்பெனி சொன்ன பதில்: "நாங்கள் நீக்கவில்லை, அவராகத்தான் நின்றுவிட்டார்." வாய்மொழியாக அனுப்பப்பட்டவர்களின் வழக்குகளில் பெரும்பாலும் இதே பதில்தான் வரும். இவரைக் காப்பாற்றியது ஒரு பதிவுத் தபால். அன்று மாலையே, "வேலைக்கு வந்தேன், கேட்டில் விடவில்லை, எப்போது வரட்டும்?" என்று நாலு வரி எழுதி அனுப்பியிருந்தார். ஒப்புகை அட்டையையும் பத்திரமாக வைத்திருந்தார். இப்போது பதிவுத் தபால் ஸ்பீட் போஸ்டோடு சேர்ந்துவிட்டது. அதில் அனுப்பி ரசீதை வைத்துக்கொள்ளுங்கள்.

தொழிலாளர் துறையில் சமரசம் முறிந்து, தொழிலாளர் நீதிமன்றத்தில் இரண்டு வருடம் ஓடியது. குறுக்கு விசாரணைக்கு வைத்திருந்த நாளில் எதிர்த்தரப்பு வக்கீல் வராந்தாவில் என்னை ஓரம் கட்டினார். "ரெண்டு லட்சத்துக்கு முடிச்சுக்கலாமா சார்?" இரு தரப்பும் கையெழுத்துப் போடவேண்டிய சமரச மெமோ தயாராகவே இருந்தது: 'பணிக்கொடை (கிராஜுவிட்டி) உட்பட அனைத்து உரிமைகளுக்குமாக ரூ.2,00,000'. நம்மவர் முகம் மலர்ந்துவிட்டது. மகளுக்குக் கல்லூரிக் கட்டணம் கட்ட வேண்டிய மாதம் அது.

பெஞ்சில் உட்காரவைத்து, கேஸ் கட்டின் பின்பக்கத்தில் கணக்குப் போட்டுக் காட்டினேன். அடிப்படைச் சம்பளமும் பஞ்சப்படியும் சேர்த்து மாதம் 18,200. பணிக்கொடைக்கு அதை 26 ஆல் வகுத்து, 15 ஆலும் 11 ஆலும் பெருக்க வேண்டும். ரூ.1,15,500. வழக்கே போடாவிட்டாலும் அது அவருக்கு வர வேண்டிய பணம். மிச்சம் 84,500தான் வழக்குக்கு அவர்கள் வைத்த விலை. முறைப்படி ஆட்குறைப்பு செய்திருந்தாலே ஒரு மாத நோட்டீஸ் சம்பளமும், வருடத்துக்கு 15 நாள் சம்பளம் வீதம் ஏறக்குறைய ஒரு லட்சமும் கொடுத்திருக்க வேண்டும். ஆக, சட்டப்படி அனுப்பியிருந்தால் ஆகியிருக்கும் செலவைவிடக் குறைவாக, சட்டத்தை மீறியதற்குக் கொடுக்கப் பார்த்தார்கள்! வேலையில்லாமல் இருந்த இரண்டு வருடத்துக்கான பின்சம்பளம் கணக்கிலேயே வரவில்லை.

அதற்காக சமரசமே கூடாது என்று சொல்ல மாட்டேன். ஜெயித்தாலும் கம்பெனி உயர் நீதிமன்றத்துக்குப் போகும். வேலை திரும்பக் கிடைக்கும் நாளை யாரும் உறுதி சொல்ல முடியாது. அவரும் அங்கே திரும்பிப் போக விரும்பவில்லை. இரண்டு வாய்தா இழுத்து, பணிக்கொடை தனியாக, வழக்குத் தொகை 2,75,000 தனியாக என்று முடித்தோம். எல்லாம் டிடி. பின்தேதியிட்ட செக் வாங்கி, அது திரும்பி வந்து, அதற்கொரு வழக்கு நடத்தியவர்களைப் பார்த்த பிறகு செக் என்றாலே எனக்கு அலர்ஜி. மெமோவை நீதிமன்றத்தில் பதிவு செய்து, அதன்படியே தீர்ப்பாணை வாங்கினோம். வராந்தாவில் மடித்துப் பாக்கெட்டில் வைத்துக்கொள்ளும் காகிதத்துக்கு அந்த பலம் கிடையாது.

செலவுக்குப் பயந்து பலர் வருவதே இல்லை. தொழிலாளர் நீதிமன்றத்தில் கோர்ட் கட்டணம் கிடையாது. தொழிற்சாலைத் தொழிலாளி என்றால், 1987ஆம் ஆண்டு சட்டப்பணிகள் ஆணையச் சட்டத்தின் 12ஆவது பிரிவில் இலவச வக்கீல் கேட்கவும் உரிமை உண்டு. ஆனால் தள்ளிப்போடாதீர்கள். பழைய 1947 தொழில் தகராறுகள் சட்டத்தில் வேலைநீக்கத்தை எதிர்க்க 3 வருட அவகாசம் இருந்தது. 2025 நவம்பர் 21 முதல் நடைமுறைக்கு வந்திருக்கும் தொழில் உறவுகள் சட்டத்தொகுப்பின்படி, பிரச்சினை எழுந்து 2 வருடம் தாண்டிவிட்டால் சமரச அலுவலர் அதை விசாரணைக்கு எடுக்க முடியாது.

இந்த வழக்கில் நான் கோட்டை விட்டதையும் சொல்லிவிடுகிறேன். பணம் வந்த அடுத்த மாதம் அவர் மறுபடி வந்தார். திருமுடிவாக்கத்தில் வேலை தயார், சர்வீஸ் சர்டிபிகேட் கேட்கிறார்களாம். மெமோவில் அதை எழுத நான் மறந்திருந்தேன். மூன்று கடிதம் போட்ட பிறகுதான் பழைய கம்பெனி கொடுத்தது. இப்போது நான் எழுதும் மெமோக்களில் தொகைக்கு முன்னால் அந்த வரிதான் வரும்.