ஒரே நடிகர், ஒரே காட்சி, இரண்டு ஆள்

1913இல் வெளியான 'பிராக் நகரத்து மாணவன்' என்ற ஜெர்மன் மௌனப் படத்தில், காசுக்குத் திண்டாடும் பால்டுயின் தன் கண்ணாடிப் பிம்பத்தையே விற்றுவிடுகிறான். பிம்பம் கண்ணாடியை விட்டு இறங்கி, போகிற இடமெல்லாம் அவன் எதிரே வந்து நிற்கிறது. இரண்டு வேடமும் பால் வெக்னருக்கு. கண்ட நகர்வுக் கொள்கை சொன்ன ஆல்பிரட் வெக்னருக்கு இவர் உறவு.

பால் வெக்னர் சட்டப் படிப்பை விட்டு நாடகத்துக்கு வந்தவர். 1906 முதல் பெர்லினில் நாடக இயக்குநர் மாக்ஸ் ரைன்ஹார்ட்டின் குழுவில் பெயர் வாங்கியவர். மேடைக்காரர்கள் சினிமாவை மட்டமாகப் பார்த்த காலத்தில் இவரை இழுத்தது, ஒரு மனிதன் தன்னோடு தானே சீட்டாடுவது போன்ற தந்திரப் புகைப்படங்கள். எந்த மேடையிலும் முடியாத காரியம் அல்லவா அது!

செய்து காட்டியவர் ஒளிப்பதிவாளர் கீடோ ஸேபர். அடிப்படை எளிது. ஃபிலிமில் வெளிச்சம் படாத இடம் எதுவும் பதியாமல் புதிதாகவே இருக்கும். லென்ஸின் ஒரு பாதியை மறைத்துவிட்டு, வெக்னரை மறுபாதியில் நடிக்க வைத்துப் படம் பிடிப்பார்கள். அப்புறம் ஃபிலிமைக் கழுவாமல் தொடங்கிய இடத்துக்கே திருப்பிச் சுற்றி, மறைப்பை இடம் மாற்றி, அவரையே எதிர்ப்பக்கம் நிறுத்தி மறுபடி எடுப்பார்கள்.

நடுவில் கோடு தெரியாதா? மறைப்பை ஃபிலிமை ஒட்டி வைத்தால் தெரியும், கத்தியால் கீறியது போல. லென்ஸுக்கு அருகே வைத்தால் அதன் விளிம்பு ஃபோக்கஸ் ஆகாமல் மங்கிவிடும். அந்த மங்கலான பட்டையில் முதல் தடவை அரை வெளிச்சம் விழுந்த இடத்தில், இரண்டாம் தடவை மிச்ச அரை விழுந்து கணக்கு நேராகும். கொஞ்சம் பிசகினால் கறுப்புப் பட்டையோ வெள்ளைப் பட்டையோ வந்துவிடும். ஒரு தூணோ கதவு விளிம்போ அங்கே இருந்தால் அந்தப் பிசகும் கண்ணில் படாது.

கேமராவைக் கையால் சுற்றிய காலம் அது. ஒரு சுற்றுக்கு எட்டு ஃபிரேம், விநாடிக்கு ஏறக்குறைய இரண்டு சுற்று. இரண்டு தடவையும் வேகம் ஒன்றாக இருக்க வேண்டும். இல்லாவிட்டால் ஒரு பால்டுயின் நிதானமாகவும் இன்னொருவன் பரபரப்பாகவும் நடப்பான். கேமரா ஒரு மயிரிழை அசையக் கூடாது. வெளிப்புறத்தில் இடையில் மேகம் வந்து சூரியனை மறைத்தால் பாதிப் படம் இருண்டுவிடும். எல்லாம் சரியாக வந்ததா என்பது ஃபிலிமைக் கழுவிய பிறகுதான் தெரியும். கெட்டால் இரண்டு நடிப்பும் சேர்ந்தே போச்சு.

என்னைக் கேட்டால், இதில் பாதிப் பாரம் நடிகர் தலையில்தான். எதிரே யாரும் இல்லை. காற்றில் ஒரு புள்ளியைப் பார்த்து அதிர வேண்டும். இன்னும் நடிக்காத ஒரு அசைவுக்குச் சரியான நேரத்தில் முகம் மாற வேண்டும். கோட்டைத் தாண்டிக் கை நீட்டினால் கை காணாமல் போகும். சீட்டாட்ட மேஜையில் பிம்பம் வந்து உட்காரும் காட்சியில் பிம்பம் ஏறக்குறைய அசையாமலே இருக்கிறது. கதைக்கு அது அமானுஷ்யம். வேலைக்கு அது சௌகரியம்.

வெக்னர் அதோடு நிற்கவில்லை. களிமண் மனிதன் கோலெமாக 1915, 1917, 1920 என மூன்று படங்களில் நடித்து, அவற்றை இயக்குவதிலும் பங்கெடுத்தார். ஸேபரின் முறையோ நெடுநாள் ஓடியது. பிறகு, ஒரு ஃபிலிமில் இருக்கும் படத்தை இன்னொரு ஃபிலிமில் பதிக்கும் ஆப்டிகல் பிரிண்டர் வந்ததும், இரண்டு பாதியையும் தனித்தனி ஃபிலிமில் எடுத்து லேபில் சேர்க்க முடிந்தது. ஒன்று கெட்டால் அதை மட்டும் திரும்ப எடுத்தால் போதும்.